சின்னத்திரையில் ஒரு சிறுகதைக்காரர்: பாலுமகேந்திராவின் தொலைக்காட்சிப் பணி

பாலுமகேந்திரா என்ற பெயரைச் சொன்னதும் நம்மில் பலருக்கு 'மூன்றாம் பிறை' (1982) நினைவுக்கு வரும். மும்பைவாசிகளாகிய நமக்கு அதன் இந்தி வடிவமான 'சத்மா'வும் (1983) சேர்ந்தே வரும். கடைசியில் ரயில் நிலையத்தில் குட்டிக்கரணம் அடிக்கும் கமலை எந்த மொழியில் பார்த்தாலும் தொண்டை அடைக்கும். இன்னும் கொஞ்சம் ஊன்றிப் படம் பார்க்கிறவர்கள் 'வீடு' என்பார்கள். 'அழியாத கோலங்கள்' என்பார்கள். தொலைக்காட்சிக்காக அவர் செய்ததை யாரும் முதலில் சொல்வதில்லை. கேட்டால், "ஆமா, சன் டிவியிலே கதை நேரம்னு ஒண்ணு வந்துச்சே, அதுதானே?" என்பதோடு பேச்சு முடிந்துவிடும்.

சினிமா பெரியது, டி.வி. சின்னது, பெரிய திரையில் இடம் கிடைக்காதவர்கள் ஒதுங்கும் திண்ணைதான் தொலைக்காட்சி என்றொரு எண்ணம் நம்மிடம் வேரூன்றிக் கிடக்கிறது. பாலுமகேந்திரா விஷயத்தில் இது பொருந்தாது என்பது என் கட்சி. எழுத்தில் இருக்கும் கதையைத் திரைக்கதையாக்கும் கலையில் அவருடைய கை மிகத் தெளிவாகத் தெரிவது சின்னத்திரையில்தான். அதோடு, தமிழ் பேசத் தெரிந்து படிக்கத் தெரியாத ஒரு தலைமுறையை வளர்த்து வைத்திருக்கும் நம்மைப் போன்ற புலம்பெயர்ந்தவர்களுக்கு அவருடைய சினிமாவை விட அந்தச் சின்னத்திரைப் படங்களே அதிகம் பயன்படும். இவ்விரண்டையும் சொல்லிப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

ஊர் விட்டு ஊர் வந்தவர்

பாலுமகேந்திரா நம்மைப் போலவே பிறந்த மண்ணை விட்டு வந்தவர். இலங்கையின் கிழக்கே, மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939-இல் பிறந்தார். பள்ளி நாள்களில் ஒரு சுற்றுலாவில், டேவிட் லீன் இலங்கைக் காட்டில் 'குவாய் நதிப் பாலம்' படம் எடுத்துக்கொண்டிருந்ததைப் பார்த்ததுதான் தம்மைச் சினிமாவின் பக்கம் திருப்பியது என்று அவர் பலமுறை சொல்லியிருக்கிறார். அந்தப் பையன் பின்னால் கடல் கடந்து நமக்கு அடுத்த ஊரான புனேயில் உள்ள திரைப்படக் கல்லூரியில் சேர்ந்து, ஒளிப்பதிவில் தங்கப் பதக்கத்துடன் 1969-இல் வெளியே வந்தான்.

முதலில் வாழ்வு கொடுத்தது மலையாளம். ராமு காரியாத்தின் 'நெல்லு' (1974) அவருடைய ஒளிப்பதிவு. முதலில் இயக்கியது கன்னடத்தில், 'கோகிலா' (1977). தமிழுக்கு இயக்குநராக வந்தது அதற்குப் பிறகு, 1979-இல் 'அழியாத கோலங்கள்' மூலம். தெலுங்கும் இந்தியும் கூட உண்டு. பிழைக்கப் போன இடத்து மொழியில் எல்லாம் வேலை செய்துவிட்டுத் தாய்மொழிக்கு வந்து சேர்ந்த கலைஞர் அவர். மொழி புரியாத இடத்தில் காலம் தள்ளியவனுக்கு ஒரு பழக்கம் வந்துவிடும்: பேச்சைக் கேட்பதற்கு முன் முகத்தைப் பார்ப்பான். அவருடைய படங்களில் வசனம் குறைவாகவும் முகம் அதிகமாகவும் இருப்பதற்குக் காமிராக்காரர் என்பது மட்டுமே காரணம் என்று எனக்குத் தோன்றவில்லை.

தூர்தர்ஷன் கொடுத்த இடம்

1980-களில் தூர்தர்ஷன் ஒரு காரியம் செய்தது. வியாபாரச் சினிமா தொடாத கதைகளைப் படமாக்கப் பணம் கொடுத்தது. சத்யஜித் ரே பிரேம்சந்தின் சிறுகதையை 'சத்கதி' (1981) என்று தொலைக்காட்சிக்காகவே எடுத்தார். கோவிந்த் நிஹலானி பீஷ்ம சாஹ்னியின் நாவலை 'தமஸ்' ஆக்கினார். 1988-இல் அது ஒளிபரப்பானபோது வழக்கு பம்பாய் உயர் நீதிமன்றம் வரை வந்து உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது பெரியவர்களுக்கு நினைவிருக்கும். ஆர்.கே. நாராயணின் 'மால்குடி டேஸ்' பற்றிச் சொல்லவே வேண்டாம். இந்த வரிசையில் தமிழுக்கு வாய்த்தது பாலுமகேந்திராவின் 'சந்தியா ராகம்' (1989).

அதற்கு முந்தைய 'வீடு' (1988) சினிமாவாக வந்தது. ஒரு நடுத்தரக் குடும்பத்துப் பெண் சென்னையில் சொந்தமாக ஒரு வீடு கட்டப் படுகிற பாடு. சிறந்த தமிழ்ப் படம் என்ற தேசிய விருதும், நாயகி அர்ச்சனாவுக்குச் சிறந்த நடிகை விருதும் அதற்குக் கிடைத்தன. அதில் தாத்தாவாக வந்தவர் பழைய நாடகக் கலைஞரான சொக்கலிங்க பாகவதர். அந்த முகத்தைப் பாலுமகேந்திராவால் மறக்க முடியவில்லை போலிருக்கிறது. அடுத்த படத்தில் அவரையே நடுவில் உட்கார வைத்துவிட்டார்.

'சந்தியா ராக'த்தின் கதையை இரண்டு வரியில் சொல்லிவிடலாம். கிராமத்தில் மனைவியை இழந்த ஒரு முதியவர், சென்னையில் உள்ள உறவினன் வாசுவின் வீட்டுக்கு வந்து சேர்கிறார். வாசுவின் (ஓவியர் வீர சந்தானம்) சம்பளம் சின்னது. மனைவி துளசி (அர்ச்சனா), ஒரு சிறு பெண் குழந்தை, இடமில்லாத வீடு. யாரும் கெட்டவர்கள் இல்லை. ஆனாலும் அந்த வீட்டில் இன்னொரு வயிற்றுக்கு இடமில்லை. கடைசியில் பெரியவர் முதியோர் இல்லம் போகிறார்.

சினிமாக்காரர் கையில் இந்தக் கதை கிடைத்திருந்தால் துளசி கொடுமைக்காரியாகியிருப்பாள். வாசு பெண்டாட்டி தாசன் ஆகியிருப்பான். பெரியவர் நாலு பக்க வசனம் பேசியிருப்பார். நம் பெண்கள் அழுதுவிட்டு, "அவ நல்லாயிருப்பாளா?" என்று திட்டிவிட்டு எழுந்து போயிருப்பார்கள். பாலுமகேந்திராவின் திரைக்கதை அந்தச் சுலபமான வழியை அடைத்துவிடுகிறது. குற்றம் சுமத்த ஆளில்லை. குற்றம் சதுர அடியில் இருக்கிறது, மாதக் கடைசியில் இருக்கிறது. பார்க்கிறவன் யாரையும் திட்ட முடியாமல் தன்னைத்தான் பார்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. தேசிய விருதுகளில் குடும்ப நலம் பற்றிய சிறந்த படமாக இது தேர்வு பெற்றது. 'குடும்ப நலம்' என்ற அரசாங்கச் சொல்லுக்கு இதைவிட நேர்மையான, சங்கடமான பொருள் எவரும் தந்ததில்லை.

திலக் நகரில் பார்த்தது

இங்கே என் சொந்த அனுபவத்தைச் சொல்ல வாசகர்கள் அனுமதிக்க வேண்டும். விமரிசனக் கட்டுரையில் இதற்கு என்ன வேலை என்று கேட்கலாம். எனக்கு அந்தப் படம் புரிந்த விதமே அதுதான் என்பதால் சொல்கிறேன்.

திலக் நகரின் பழைய ஹவுசிங் போர்டு கட்டடங்களில் ஒன்றில் நாங்கள் இருந்தோம். ஒரு ரூம், ஒரு கிச்சன். ஆறு பேர். திருநெல்வேலிப் பக்கம் கிராமத்தில் ஆச்சி காலமானதும் அப்பா போய்த் தாத்தாவை அழைத்து வந்தார். தாத்தாவுக்குப் படுக்க வெளியே பொது வராந்தா. காலையில் தண்ணீர் வரும் நேரத்துக்கு முன் எழுந்து பாயைச் சுருட்டிவிட வேண்டும். ஹிந்தி தெரியாது, மராட்டி தெரியாது. பக்கத்து வீட்டு மராட்டிய ஆஜியும் அவரும் படிக்கட்டில் உட்கார்ந்து ஆளுக்கொரு மொழியில் பேசிக்கொண்டிருப்பார்கள். ஏழு மாதம் இருந்தார். எட்டாவது மாதம் அப்பா அவரைத் தாதரில் மெட்ராஸ் வண்டி ஏற்றிவிட்டு வந்தார். "ஊர்க் காத்து இல்லாம அவருக்கு ஒத்துக்கலடா" என்றார். ஒத்துக்கொள்ளாதது காற்று அல்ல என்பது சிறுவனான எனக்கே தெரியும். அடுத்த வருடம் தந்தி வந்தது.

சில ஆண்டுகள் கழித்து ஒரு ஞாயிறு மதியம் தூர்தர்ஷனில் 'சந்தியா ராகம்'. அப்போதெல்லாம் மாநில மொழிப் படங்கள் முறை வைத்து வரும். தமிழுக்கு எப்போது முறை வரும் என்று காத்திருப்போம். எங்கள் மாடித் தமிழர்கள் எல்லாரும் டி.வி. இருந்த வீட்டில் கூடிவிட்டோம். ஆஜியும் வந்தார். கருப்பு வெள்ளைப் படம். "கலர் இல்லையா?" என்று ஒருவர் முனகினார். அரை மணி நேரம் கழித்து அவரிடமிருந்து சத்தமே இல்லை. பெரியவர் அந்தச் சென்னை வீட்டில் எங்கே உட்காருவது என்று தெரியாமல் உட்கார்ந்திருப்பதைப் பார்த்ததும் அப்பா எழுந்து, "சிகரெட் வாங்கிட்டு வர்றேன்" என்று வெளியே போனார். அப்பா சிகரெட் பிடிக்கிறவர் இல்லை. படம் முடிந்த பின்தான் வந்தார். தமிழ் ஒரு வார்த்தை தெரியாத ஆஜி கண்ணைத் துடைத்துக்கொண்டு அம்மாவிடம் கேட்டார்: "தும்சே ஆஜோபா?" உங்க வீட்டுத் தாத்தாவா?

அந்தக் கேள்விதான் அந்தத் திரைக்கதைக்குக் கிடைத்த மிக உயர்ந்த மதிப்புரை என்று இன்றும் நினைக்கிறேன்.

இருபது நிமிட இலக்கணம்

அடுத்த கட்டம் தனியார் சானல்களின் காலம். சன் டிவி 1993 தமிழ்ப் புத்தாண்டில் தொடங்கியது. கேபிள் வழியாக நம் செம்பூர், தாராவி, மாட்டுங்கா வீடுகளுக்கும் வந்து சேர்ந்தது. 2000-ஐ ஒட்டிய ஆண்டுகளில் 'சித்தி' போன்ற நெடுந்தொடர்கள் தமிழ் வீடுகளின் இரவு நேரத்தைப் பிடித்துக்கொண்டன. அதே காலத்தில் அதே சானலில் பாலுமகேந்திரா வாரம் ஒரு சிறுகதையாக 52 கதைகளைக் குறும்படங்களாக்கித் தந்தார். அதுவே 'கதை நேரம்'. சுஜாதாவின் 'நிலம்', 'பரிசு', மாலனின் 'தப்புக் கணக்கு' என்று, பத்திரிகைகளில் வந்து பலரும் மறந்துபோன கதைகளெல்லாம் அதில் மறுபிறவி எடுத்தன.

நெடுந்தொடருக்கும் இதற்கும் உள்ள வேறுபாட்டைக் கவனிக்க வேண்டும். நெடுந்தொடர் எழுதுகிறவரின் கவலை, கதை முடிந்துவிடக் கூடாதே என்பது. ஒரு கல்யாணம் நடக்க நாற்பது நாள் ஆகும். சிறுகதையைப் படமாக்குகிறவரின் கவலையோ, கதையை எங்கே முடிப்பது என்பது. விளம்பரம் போக இருபது நிமிடத்துக்குச் சற்று மேலே கையிலிருக்கும். அதற்குள் ஆளை அறிமுகப்படுத்தி, சிக்கலைக் காட்டி, பார்க்கிறவர் மனத்தில் ஒரு முள்ளைத் தைத்துவிட்டு வெளியேற வேண்டும்.

அவர் இதைச் சாதித்த முறையில் சில விதிகளை நாம் இனங்காணலாம்.

முதலாவது, இடம். ஒரு வீடு, ஒரு தெரு, மிஞ்சிப் போனால் ஓர் அலுவலகம். இது சிக்கனத்துக்காக மட்டும் செய்ததல்ல. ஒரே வீட்டைத் திரும்பத் திரும்பப் பார்க்கும்போது அதன் மூலை முடுக்கெல்லாம் நமக்குப் பழகிவிடுகிறது. பிறகு அங்கே ஒரு நாற்காலி இடம் மாறினாலும் அது செய்தியாகிவிடும்.

இரண்டாவது, தொடக்கம். சிறுகதையில் எழுத்தாளர் முதல் பத்தியிலேயே, 'அவள் மூன்று வருடமாக இந்த அலுவலகத்தில் வேலை பார்க்கிறாள்' என்று எழுதிவிட்டுப் போகலாம். காமிராவுக்கு 'மூன்று வருடம்' தெரியாது. அதைக் கைப்பிடி தேய்ந்த சாப்பாட்டுக் கூடையாகவோ, வாட்ச்மேன் நிமிராமலே கும்பிடும் கும்பிடாகவோ மாற்ற வேண்டும். எழுத்தில் உள்ள தகவலைப் பொருளாக மாற்றுவதுதான் திரைக்கதை. பாலுமகேந்திராவின் கதாபாத்திரங்கள் தங்கள் வரலாற்றைத் தாங்களே ஒப்பிக்க மாட்டார்கள்.

மூன்றாவது, வெளிச்சம். சன்னல் வழியே வரும் வெளிச்சத்தையே பெரும்பாலும் நம்பியவர் அவர். அதனால் அந்த வீடுகள் செட்டு மாதிரி இல்லாமல் வீடு மாதிரி இருந்தன. "நம்ம வீட்டு அடுப்படி மாதிரியே இருக்கு" என்று பார்த்த பெண்கள் சொன்னார்கள். அலங்காரம் இல்லாத முகமும் பட்டுப் புடவை இல்லாத சமையலறையும் அன்றைய தொலைக்காட்சியில் அபூர்வம்.

நான்காவது, மௌனம். பின்னணி இசையால் நம்மை அழச் சொல்லிக் கட்டாயப்படுத்துவது அவர் வழக்கமில்லை. குழாய்ச் சத்தம், சைக்கிள் மணி, பக்கத்து வீட்டு ரேடியோ. இவை போதும் அவருக்கு.

எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு நான்கும் ஒரே கையில் இருந்தது இதற்கெல்லாம் அடிப்படை. எந்த வசனத்தை ஒரு பார்வையால் ஈடுகட்டலாம் என்பது, காமிராவையும் தானே பிடிக்கப்போகிற எழுத்தாளருக்கு எழுதும்போதே தெரியும். செலவும் மிச்சம். வாரம் ஒரு படம் என்ற ஓட்டத்தில் இது சின்ன விஷயமில்லை.

பாலசந்தரின் வழியும் இவர் வழியும்

இதே காலத்தில் சின்னத்திரையை மதித்து வந்த இன்னொரு பெரியவர் கே. பாலசந்தர். தூர்தர்ஷனுக்கு 'ரயில் சினேகம்', பிறகு சன் டிவிக்கு 'கையளவு மனசு' என்று தாமே எழுதி இயக்கியதோடு, 'மின்பிம்பங்கள்' நிறுவனத்தின் மூலம் பிறருக்கும் தயாரிப்பாளராக நின்றார். இந்திரா சௌந்தர்ராஜன் எழுத, நாகா இயக்கிய 'மர்மதேசம்' அப்படி வந்ததுதான். பாலசந்தர் ஒரு கம்பெனி நடத்தினார். பத்துப் பேருக்கு வேலையும் பெயரும் கிடைத்தன. பாலுமகேந்திரா ஒரு பட்டறை நடத்தினார். உளி அவர் கையிலேயே இருந்தது.

பாலசந்தரின் பாத்திரங்கள் பேசிப் பேசி நம்மை வெல்வார்கள். நாடக மேடையிலிருந்து வந்தவர் அவர். பாலுமகேந்திராவின் பாத்திரங்கள் பேச வேண்டிய இடத்தில் பேசாமல் போவார்கள். எது உயர்ந்தது என்று பட்டிமன்றம் வைக்கத் தேவையில்லை. தொலைக்காட்சி என்ற சாதனத்தில் இரண்டு வகைக்கும் இடமிருந்தது என்பதே நினைக்க நிறைவாக இருக்கிறது. இருவரும் ஒரே ஆண்டில், 2014-இல், பிப்ரவரியிலும் டிசம்பரிலுமாக மறைந்தார்கள்.

சொல்ல வேண்டிய குறைகள்

புகழ்ந்து மட்டும் எழுதினால் அது மலர்க் கட்டுரையாக இருக்கும், விமரிசனமாக இருக்காது. 'கதை நேர'த்தில் குறைகளும் உண்டு.

முதல் குறை, ஒருமை. 52 கதைகளைப் பல எழுத்தாளர்களிடமிருந்து எடுத்தாலும், பார்த்து முடிக்கும்போது எல்லாரும் ஒருவரே எழுதியது போல் ஒரு சாயல் வந்துவிடுகிறது. சுஜாதாவின் கதையில் கதை சொல்கிறவரின் கிண்டல்தான் உயிர். வாக்கியம் பாதியில் திரும்பி நம்மைப் பார்த்துக் கண்ணடிக்கும். அந்தக் குரல் காமிராவுக்குள் வருவதில்லை. சம்பவம் வருகிறது, சுஜாதா வருவதில்லை. எழுத்தாளரின் நடையை இயக்குநரின் நடை விழுங்கிவிடுகிறது.

இரண்டாவது, முகங்கள். மௌனிகா நல்ல நடிகை, ஐயமில்லை. ஆனால் அடுத்தடுத்த வாரங்களில் ஒரே முகம் வேறு வேறு வாழ்க்கையில் வரும்போது, போன வாரத்துக் கணவன் எங்கே என்று கேட்கத் தோன்றும். வார ஓட்டத்தின் நெருக்கடி அது என்று புரிகிறது. இருந்தாலும் குறை குறைதான்.

மூன்றாவது, பொருள். நான் பார்த்த அளவில், கணவன் மனைவி உறவும் அதன் நடுவே விழும் விரிசலும் அவரை மீண்டும் மீண்டும் இழுத்திருக்கின்றன. 'மறுபடியும்' (1993), 'சதி லீலாவதி' (1995) பார்த்தவர்களுக்கு இது புதிதல்ல. தமிழ்ச் சிறுகதையில் வயலும் உண்டு, சேரியும் உண்டு, ஆலையும் உண்டு. தாராவியில் இருந்து பார்க்கிற தமிழனுக்கு அந்தக் கதைகளும் வந்திருக்கக் கூடாதா என்ற ஏக்கம் இருக்கத்தான் செய்யும்.

பட்டறையின் பலன்

இக்குறைகளுக்குப் பதில் ஒருவகையில் அவருடைய மாணவர்களிடமிருந்து வந்தது. 'கதை நேரம்' நடந்த நாள்களில் அவரிடம் உதவியாளராக இருந்தவர் வெற்றிமாறன். உதவியாளர்களைச் சிறுகதை வாசிக்க வைப்பது பாலுமகேந்திராவின் பாடத்திட்டம். சிறுகதையைச் சுருக்கத் தெரியாதவனுக்குத் திரைக்கதை எழுத வராது என்பது அதன் அடிப்படை. அந்தப் பயிற்சியின் பலனை நாம் பின்னால் பார்த்தோம். மு. சந்திரகுமாரின் 'லாக்கப்' நூல் 'விசாரணை' (2015) ஆனது. பூமணியின் 'வெக்கை' 'அசுரன்' (2019) ஆனது. ஜெயமோகனின் 'துணைவன்' சிறுகதை 'விடுதலை' (2023) ஆயிற்று. ஆசிரியர் தொடாத வயலையும் சிறையையும் காட்டையும் மாணவர் தொட்டார். எழுத்தாளனுக்கு உரிய பெயரையும் கொடுத்து எடுக்கும் வழக்கம் தமிழ்த் திரையில் வலுப்பட்டதற்கு அந்த வாராந்தரச் சின்னத்திரைப் படங்கள் ஒரு நாற்றங்காலாக இருந்தன என்று சொன்னால் மிகையாகாது.

அழிவதும் மிஞ்சுவதும்

இனி வருத்தமான பகுதி. 'வீடு' படத்தின் நெகடிவ் இல்லை, 'சந்தியா ராக'த்தின் நெகடிவ் இல்லை என்று பாலுமகேந்திரா தம் கடைசி ஆண்டுகளில் மனம் நொந்து சொல்லிவந்தார். தமிழ்ப் படங்களுக்கு ஓர் ஆவணக் காப்பகம் வேண்டும் என்று அரசிடம் திரும்பத் திரும்பக் கேட்டார். ஏட்டுச் சுவடியைக் கரையானுக்குக் கொடுத்த பழைய கதையை நாம் இன்னும் விடவில்லை. சினிமாவுக்கே இந்தக் கதி என்றால், ஒருமுறை ஒளிபரப்பானதும் மறக்கப்படும் தொலைக்காட்சிப் படத்தைப் பற்றிக் கேட்கவா வேண்டும்? ஒரு சின்ன ஆறுதல்: திருவண்ணாமலை வம்சி புக்ஸ் 'கதை நேர'த்தில் சிலவற்றை மூலச் சிறுகதை, திரைக்கதை, படத்தின் குறுவட்டு என்று சேர்த்து நூலாக்கியது. திரைக்கதை கற்க விரும்புகிறவர்களுக்குத் தமிழில் இதைவிட நல்ல பாடநூல் கிடைப்பது அரிது. ஒரே கதை மூன்று உருவத்தில் ஒரே அட்டைக்குள்!

அவருடைய கடைசிப் படம் 'தலைமுறைகள்' (2013). அதில் அவரே தாத்தாவாக நடித்தார். நகரத்தில் வளர்ந்த பேரனுக்குத் தமிழ் தெரியாது, கிராமத்துத் தாத்தாவுக்கு இங்கிலீஷ் தெரியாது. இருவரும் ஒருவருக்கொருவர் வாத்தியார் ஆகிறார்கள். 2014 பிப்ரவரி 13-இல் அவர் மறைந்த பிறகு அந்தப் படத்துக்குத் தேசிய ஒருமைப்பாட்டுக்கான விருது அறிவிக்கப்பட்டது. 'சந்தியா ராக'த்தில் வீட்டில் இடமில்லாமல் போன பெரியவர், கால் நூற்றாண்டு கழித்துப் பேரனின் நாக்கில் இடம் தேடி வருவதாகவே எனக்குப் படுகிறது.

நம் வீடுகளில் நடப்பதும் அதுதானே? தாராவியில் மாநகராட்சித் தமிழ்ப் பள்ளிகள் இருக்கின்றன. இந்தச் செம்பூர்ப் பக்கத்துப் பிள்ளைகளில் பெரும்பாலோர் இங்கிலீஷ் மீடியம். வீட்டில் தமிழ் பேசுவார்கள். செட்டா நகர் முருகன் கோயிலில் தமிழில் வேண்டிக்கொள்வார்கள். பஸ் போர்டு மராட்டியில் படிப்பார்கள். தமிழ் எழுத்தைக் கண்டால், "என்னப்பா ஜிலேபி மாதிரி இருக்கு" என்பார்கள். என் மகளும் அப்படித்தான். அவளுக்குச் சுஜாதாவைத் தெரியாது. ஒரு நாள் 'கதை நேர'த்தில் இரண்டு படங்களைப் போட்டுக் காட்டினேன். செல்போனைக் கீழே வைத்துவிட்டுப் பார்த்தாள். பார்த்துவிட்டுக் கேட்டாள், "அப்பா, இதை எழுதினவர் வேற என்ன எழுதியிருக்கார்? நீங்க படிச்சுக் காட்டுறீங்களா?"

படம் பார்த்தால் போதும், கதை படிக்க வேண்டாம் என்று யாரும் இதைப் பொருள் கொள்ளக் கூடாது. மேலே சொன்னபடி, சுஜாதாவின் கிண்டல் எழுத்தில்தான் இருக்கிறது. ஆனால் கதவைத் திறக்க ஒரு சாவி வேண்டும். தமிழ் எழுத்தறியாத தமிழ்ப் பிள்ளைக்கு அந்தச் சாவி கண் வழியாகவும் காது வழியாகவும்தான் வர முடியும்.

எனவே நம் சங்கத்துக்கு ஒரு விண்ணப்பம். பொங்கல் விழா, பட்டிமன்றம், பரிசளிப்பு எல்லாம் நடக்கட்டும். மாதத்தில் ஒரு ஞாயிறு மாலை ஒரு மணி நேரம் ஒதுக்குவோம். முதல் இருபது நிமிடம், பெரியவர் ஒருவர் ஒரு சிறுகதையைச் சத்தமாக வாசிக்கட்டும். அடுத்த இருபது நிமிடம், அதே கதையின் படம். கடைசி இருபது நிமிடம் பிள்ளைகள் பேசட்டும்: எது நன்றாக இருந்தது, படத்தில் எது விட்டுப்போயிற்று, ஏன் விட்டார். எந்த மொழி கலந்து பேசினாலும் சரி, தடுக்க வேண்டாம். மராட்டிய நண்பர்களையும் அழைத்து வரட்டும். 'சந்தியா ராக'த்தோடு தொடங்கினால் அன்று மட்டும் நேரம் கூடுதலாகும், பரவாயில்லை.

நாங்கள் குடியிருந்த அந்தக் கட்டடம் இப்போது இல்லை. மறுசீரமைப்பில் இடித்துவிட்டு லிஃப்ட் வைத்த உயரமான கட்டடம் எழுப்பியிருக்கிறார்கள். எங்களுக்கும் ஒரு ஃபிளாட் கிடைத்தது. இரண்டு பெட்ரூம். அப்பா இருந்தவரை அந்தச் சின்ன அறையைக் காட்டி ஒன்று மட்டும் சொல்வார்: "இது அப்பவே இருந்திருந்தா..." மிச்சத்தைச் சொல்லமாட்டார். பாலுமகேந்திராவின் திரைக்கதையில் வரும் ஆள் போல, அந்த இடத்தில் நிறுத்திவிடுவார்.